வேதவல்லி சாகிற வாரம்

நைனா,

உன் செய்தி வந்தபோது நான் சாகத் தயாராகிக்கொண்டிருந்தேன். ஒப்பனை முடிந்திருந்தது. உதட்டை வெளுக்க வைத்திருந்தார்கள். கண்ணுக்குக் கீழே கருமை. வளசரவாக்கத்து வாடகை பங்களாவின் மாடி அறையில் கட்டிலைச் சுற்றி விளக்கு வைத்துக்கொண்டிருந்தார்கள். நான் வராந்தாவில் உட்கார்ந்து வசனத்தை மனதுக்குள் ஓட்டிக்கொண்டிருந்தேன். கைபேசி அதிர்ந்தது. "அம்மா, அந்த சாவு சீன் வேணாம்னு சொல்லிடேன். கரெக்டா கல்யாண வாரத்துல வருது. கௌரி ஊட்ல ஒரு மாதிரி இருக்காங்க. முடிஞ்சா கல்யாணத்தோட சீரியலையே வுட்டுடும்மா." படித்தேன். மறுபடியும் படித்தேன். உதவி இயக்குநர் எட்டிப் பார்த்து, "ஷாட் ரெடிம்மா" என்றான். கைபேசியை ஒப்பனைக்காரப் பெண்ணிடம் கொடுத்தேன். போய்ப் படுத்தேன். செத்தேன்.

உனக்குப் பதில் போடவில்லை. போனில் பேசினால் "சரிம்மா, சரிம்மா" என்பாய். கும்மிடிப்பூண்டியில் உன் கம்பெனி இரைச்சலில் பாதி உன் காதில் விழாது. மீதியை நீ கேட்க விரும்ப மாட்டாய். அதனால் எழுதுகிறேன். முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நீ கடைசிப் பக்கத்துக்குத் தாவ வேண்டாம். அந்தக் காட்சியை நான் விடவில்லை. தொழிலையும் விடப்போவதில்லை. இது கோபத்தில் எழுதுவதல்ல. ஏன் முடியாது என்று உனக்குச் சொல்லியாக வேண்டும், அவ்வளவுதான். நீ ஒருத்தியோடு வாழப்போகிறவன். படித்து முடித்ததும் கௌரியிடமும் கொடு.

பொதட்டூர்பேட்டையிலிருந்து தொடங்குகிறேன். உன் நிச்சயதார்த்தம். அன்று காலை எனக்குப் படப்பிடிப்பு இருந்தது. ஒரு காட்சிதான், முடித்துவிட்டு வந்துவிடலாம் என்று போனேன். இழுத்துவிட்டது. காரிலேயே பட்டுப்புடவைக்கு மாறினேன். காரிலேயே தலை வாரினேன். திருத்தணி தாண்டும்போது கண்ணாடியில் பார்த்தேன், எல்லாம் சரியாக இருப்பதாகத்தான் தெரிந்தது. நெற்றியில் பொட்டு இல்லை என்பது என் கண்ணில் படவே இல்லை. வருடக்கணக்காக நான் கண்ணாடியில் பார்ப்பது வேதவல்லியின் நெற்றி. கதாநாயகியின் மாமியார் வேதவல்லி. விதவை. வெளிர்ப் புடவை, ஒற்றைத் திருநீற்றுக் கோடு. என் தாலியை ரவிக்கைக்குள் தள்ளி ஊக்கு குத்தித்தான் அவளாக மாறுவேன். அன்று திருநீற்றைத் துடைத்திருந்தேன். ஊக்கைக் கழற்றவும் மறந்திருக்கிறேன்.

கௌரியின் அத்தை சரோஜாம்மா குங்குமத் தட்டோடு வந்தார். பெண்கள் வரிசை. எனக்கு இடதுபக்கம் இருந்தவளுக்குக் கொடுத்தார். என்னைப் பார்த்தார். ஒரு கணம். தட்டு என்னைத் தாண்டி வலதுபக்கம் போனது. வேண்டுமென்றே செய்ததல்ல. அவர் முகத்தில் இருந்தது சங்கடம், இரக்கம். சங்கடப்படுத்தக் கூடாதே என்ற அக்கறை. அப்போதுதான் உன் அப்பா, வாயில் போண்டாவோடு, என் பின்னாலிருந்து சொன்னார்: "ஏம்மா, நான் இங்கதான் நின்னுகினு இருக்கேன்." கூடம் முழுக்கச் சிரித்தது. சரோஜாம்மா நாக்கைக் கடித்துக்கொண்டார். "அய்யய்யோ, டிவில பாத்துப் பாத்து…" என்று சொல்லி, என் நெற்றியில் ஒரு ரூபாய் அளவுக்குக் குங்குமத்தை அப்பினார். நானும் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. உன் பார்வை தரையில் இருந்தது. அதை நான் கவனித்தேன். கவனிப்பதுதான் என் தொழில்.

என் தொழில் என்ன என்று உனக்குச் சரியாகத் தெரியுமா என்று சில சமயம் யோசிப்பேன். உன் கேண்டீனில் டிவி ஓடும். "டேய், உங்கம்மா நேத்து செம அழுகைடா" என்று கூட வேலை பார்ப்பவர்கள் கிண்டல் செய்வார்கள் என்று சொல்லியிருக்கிறாய். அது தெரியும் பக்கம். தெரியாத பக்கம் ஒன்று இருக்கிறது. நான் எம்.ஏ. தமிழ் படித்துவிட்டு திருவள்ளூரில் ஒரு பள்ளியில் தற்காலிக ஆசிரியையாக இருந்தவள். விடுமுறையில் அந்தப் பள்ளியை ஆஸ்பத்திரியாக மாற்றிப் படம் எடுக்க வந்தார்கள். நர்ஸாக நிற்க ஒரு பெண் வேண்டும். குளுக்கோஸ் பாட்டிலைக் கை நடுங்காமல் பிடிக்க வேண்டும். பிடித்தேன். "பல்ஸ் இறங்குது டாக்டர்" என்று சொல்லச் சொன்னார்கள். சொன்னேன். அதுதான் ஆரம்பம். அதற்குப் பிறகு என் வசனங்களை எல்லாம் சேர்த்தால் ஒரு குடும்பத்தின் ஒரு நாள் பேச்சு வரும். மாப்பிள்ளை வந்துட்டாரு. காபி எடுத்துட்டு வரேன். பாவி மகளே, இப்படிப் பண்ணிட்டியே. அண்ணி, கதவைத் திறங்க. யாருடைய அண்ணி, ஏன் பூட்டினாள் என்பது பல நேரம் எனக்கே தெரியாது. கதவைத் தட்டும் கை நம்பும்படி இருக்க வேண்டும். இருந்தது.

இன்னொன்று. எங்கள் துறையில் சஜஷன் என்று ஒரு வார்த்தை உண்டு. கதாநாயகி பேசுகிறாள், கேமரா அவள் முகத்தைப் பார்க்கிறது. அவளுக்கு எதிரே ஒருவர், கேமராவுக்கு முதுகைக் காட்டி நிற்க வேண்டும். திரையில் அவருடைய தோளும் காதோரமும் மட்டும் மங்கலாகத் தெரியும். அதுதான் சஜஷன். "அம்மா, கொஞ்சம் சஜஷன் குடுங்க" என்பார்கள். உன் அம்மா ஆயுளில் பாதியைத் தோளாக நின்று கழித்தவள். அதைக் குறையாகச் சொல்லவில்லை. தோள் அசைந்தால் அந்தப் பெண்ணின் கண் அலையும். தோள் காது கொடுக்காவிட்டால் அவள் குரல் பொய்யாகிவிடும். கேமரா பார்க்கவில்லை என்பதற்காக முகத்தைச் சும்மா வைத்துக்கொண்டு நிற்கும் நடிகர்கள் இருக்கிறார்கள். நான் அப்படி நின்றதில்லை. முதுகைக் காட்டிக்கொண்டு முழுதாக அழுதிருக்கிறேன். எதிரே நின்ற பெண்ணுக்குத் தெரியும். கௌரி பேசும்போது நீ இப்படி நில். இடையில் நகராதே. உன் முறை வரும். வராவிட்டால், வாய் திறந்து கேள்.

என் முறை வர நாளானது. போன மாதம் கதை சொன்னார்கள். வேதவல்லி சாகிறாள். அதற்கு முன் மருமகளை அருகில் அழைத்துப் பேசுகிறாள். முழுப் பக்கம் வசனம். என் பங்குக்கு முழுப் பக்கம் வந்தது அதுதான் முதல் தடவை. வழக்கமாகச் சீரியலில் உதவி இயக்குநர் ஓரமாக நின்று வரிவரியாகச் சொல்லுவான், நாங்கள் திருப்பிச் சொல்லுவோம். அன்று அவன் தாளோடு வந்து நின்றான். "வேணாம் தம்பி, நீ போய் டீ குடி" என்றேன். இயக்குநர் நிமிர்ந்து பார்த்தார். வேப்பம்பட்டிலிருந்து ரயிலில் போகையிலும் வருகையிலும் அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். செவ்வாப்பேட்டையில் ஏறும் ஒரு அம்மா, "இன்னாம்மா, யாருகூட சண்டை?" என்று கேட்டார். "மருமவகூட" என்றேன். "வுடாத" என்றார்.

கட்டிலில் படுத்தேன். ஒளிப்பதிவாளர் கோணம் பார்த்தார். பிறகு கதாநாயகியைக் கூப்பிட்டு, "கொஞ்சம் சஜஷன் குடும்மா" என்றார். அந்தப் பெண் கேமராவுக்கு முதுகைக் காட்டி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். நைனா, அந்த ஒரு வரிக்காகத்தான் இவ்வளவும் எழுதுகிறேனோ என்னவோ. அவள் தோள். என் முகம். அவளும் முகத்தைச் சும்மா வைத்துக்கொள்ளவில்லை. முழுதாக அழுதாள். யாருக்கும் தெரியாத அழுகை. நான் சொல்ல வேண்டியதைச் சொன்னேன். ஒரே டேக். கண் மூடினேன். விளக்குக்காரர்கள்கூட அசையவில்லை. அதை நான் விட்டுக்கொடுத்திருக்க முடியாது. உனக்காகவும் முடியாது. உன் கல்யாணத்துக்காகவும் முடியாது. இதை எழுதும்போது எனக்குக் கை நடுங்கவில்லை.

பிறகுதான் சிக்கல் வந்தது. செத்தவர் சிரித்தால்தான் கட் சொல்வார்கள், உனக்குத் தெரியும். பிணமாக நடித்தவர் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் எழுந்திருக்க வேண்டும். ஏன் என்று யாரும் கேட்பதில்லை. எல்லாப் படப்பிடிப்பிலும் உண்டு. "அம்மா, சிரிங்க" என்றார் ஒளிப்பதிவாளர். கண்ணைத் திறந்தேன். சிரிப்பு வரவில்லை. "கட் பண்ண மாட்டேன்மா, சிரிங்க." வரவில்லை. உன் செய்தி அப்போதுதான் உள்ளே இறங்கியிருந்தது. அந்தக் கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தபோது கும்மிடிப்பூண்டி வீடு ஞாபகம் வந்தது. ரயில்வே கேட்டுக்குப் பக்கத்து வாடகை வீடு. நீ அப்போது பள்ளிக்கூடம் போகத் தொடங்கியிருந்த வயது. ஏதோ பண்டிகை நாள், டிவியில் நான் நடித்த படம். வெள்ளத்தில் போகும் ஒரு தாய். நான் சமையலறையில் இருந்தேன். நீ வீறிட்டாய். கரண்டியோடு ஓடி வந்தேன். நீ டிவியைப் பார்த்தாய், என்னைப் பார்த்தாய், டிவியைப் பார்த்தாய். என்னிடம் வரவில்லை. எந்த அம்மா உண்மை என்று உனக்குத் தெரியவில்லை. உன்னை நம்பவைக்க எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். சிரித்தேன். செத்தவங்க சிரிச்சிட்டா ஒண்ணும் ஆவாது, எங்க ஷூட்டிங்ல அதான் வழக்கம் என்று சொன்னேன். அன்று முதல் நான் டிவியில் சாகும் ஒவ்வொரு முறையும் நீ திரும்பிப் பார்த்து ஒரே வார்த்தை சொல்வாய். "சிரி." மாவு பிசைந்துகொண்டிருந்தாலும், துணி பிழிந்துகொண்டிருந்தாலும், நான் சிரித்தாக வேண்டும். சிரித்தால்தான் நீ சாப்பிடுவாய். உனக்கு மீசை அரும்பியபோது கேட்பதை நிறுத்தினாய். கூச்சம். நானும் நிறுத்திவிட்டேன்.

அந்த ஞாபகத்தில் சிரித்தேன். கொஞ்சம் அதிகமாகவே. கதாநாயகியும் சிரித்துவிட்டாள், கண்ணீரோடு. கட்.

போன ஞாயிற்றுக்கிழமை முகூர்த்தப் புடவை எடுக்கத் திருவள்ளூர் போனோம். நீ ஷிப்டில் இருந்தாய். நானும் அப்பாவும், கௌரியும் சரோஜாம்மாவும். கடைப்பையன் என்னைப் பார்த்ததும், "வேதவல்லிம்மா!" என்றான். கேட்காமலே சாம்பலும் சந்தனமுமாக வெளிர்ப் புடவைகளை என் முன்னால் விரித்தான். "உங்களுக்கு இதான்மா எடுப்பா இருக்கும்." அப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். "தம்பி, நான் மாப்பிள்ளையோட அம்மா. அந்தச் சிவப்பை எடு" என்றேன். மிளகாய்ப் பழச் சிவப்பு. எடுத்தாயிற்று. அப்போது சரோஜாம்மா என் பக்கம் நகர்ந்து உட்கார்ந்தார்.

"சம்மந்தி, ஒண்ணு கேட்டா தப்பா நெனச்சிக்க மாட்டீங்களே?"

"கேளுங்க."

"நெசமாவே செத்துடப் போறீங்களா?"

"வேதவல்லிதான் சம்மந்தி சாவறா. நான் இல்ல."

"அய்ய, அதுகூடத் தெரியாதா எனுக்கு? நான் இன்னா பாப்பாவா? வேதவல்லி பூட்டா அந்தப் பேரப்புள்ளைய யாரு பாத்துக்குவா? மூத்த மருமவ கையிலயா வுட்டுட்டுப் போவீங்க? அவ சோறு போடுவாளா?"

"எனுக்கும் தெரியல. கதை எழுதறவங்களத்தான் கேக்கணும்."

"இன்னா பொம்பள நீங்க! ஒரு வார்த்த யார்கிட்டயாவது சொல்லிட்டு சாவக் கூடாதா?"

நான் நேராகவே கேட்டேன். கல்யாண வாரத்தில் அது வருகிறது, உங்கள் வீட்டில் யாருக்காவது மனசுக்கு ஒப்பவில்லையா என்று. சரோஜாம்மா கையில் இருந்த புடவையைக் கீழே வைத்தார். "எங்க ஊட்லயா? யாரு சொன்னது? அன்னிக்கி குங்குமம் குடுக்காத போனதுக்கே எங்கண்ணன் என்னக் கிழிகிழின்னு கிழிச்சிட்டாரு. நான் இன்னாத்தச் சொல்லப் போறேன்?" அப்பா தன் பங்குக்குச் சொன்னார்: "நான் தெனம் கம்பெனியில இரும்பு உருக்கற உலை பக்கத்துல நிக்கறேன். ஒருத்தரும் இன்னா ஆவுமோன்னு கேக்கல. இவ மெத்தையில படுத்துகினு சாவறா, அதுக்கு இவ்ளோ பேஜாரு." கௌரி இதையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தாள். பில் போடும் இடத்தில் என் காதருகே வந்து சொன்னாள்: "அத்தை, எங்க ஊட்ல யாரும் ஒண்ணும் சொல்லல. அவருதான். அந்த போட்டோவப் பத்தியே எங்கிட்ட பேசிக்கினு இருந்தாரு. உங்ககிட்ட சொல்லலையா?"

எந்தப் போட்டோ என்று நான் கேட்கவில்லை. அவள் சொன்ன உடனே எனக்குப் புரிந்துவிட்டது. வேதவல்லி செத்த பிறகு சுவரில் மாட்ட ஒரு படம் வேண்டும் என்று சீரியல் கம்பெனியில் படப்பிடிப்புக்கு முன்பே கேட்டிருந்தார்கள். இயல்பான படம், வீட்டில் எடுத்தது, நெற்றியை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்றார்கள். பழவேற்காட்டில் படகில் நீ என்னை எடுத்தாயே, தலைமுடி காற்றில் பறக்க, அதை அனுப்பச் சொல்லி உன்னிடம் கேட்டேன். எதற்கு என்று சொல்லவில்லை. சொல்லத் தோன்றவில்லை, அவ்வளவு சாதாரணம் எனக்கு. அவர்கள் பொட்டை அழித்து, மாலை போட்டு, சட்டத்துக்குள் வைத்து மாதிரி அனுப்பினார்கள். மாலைக்குள் நான் அழகாக இருப்பதாகத் தோன்றியது. உனக்கு அனுப்பினேன். "பாரு, எப்படி இருக்கேன்" என்று எழுதினேன். பல முறை செத்தவர்கள் மட்டுமே செய்யக்கூடிய காரியம் அது. நீ பதில் போடவில்லை. ஷிப்டில் இருப்பாய் என்று நினைத்துக்கொண்டேன். நீ எடுத்த படம். உன் அம்மா. உன் கையாலேயே கொடுத்திருக்கிறாய். உனக்கு எப்படி இருந்திருக்கும் என்று புடவைக்கடை வாசலில் நின்று யோசித்தேன்.

அந்தப் படத்தைத் திரும்ப வாங்கிவிட்டேன். அது உன்னுடையது. அதைக் கேட்டிருந்தால் அப்போதே கொடுத்திருப்பேன். இப்போது அங்கே மாலைக்குள் இருப்பது செட்டில் எடுத்த வேறு படம். வேதவல்லியாக, வேதவல்லியின் நெற்றியோடு. பழவேற்காட்டுப் படம் நம் கூடத்தில் மாட்டியிருக்கிறது, நீ எடுத்தபடியே, பொட்டோடு. வரும்போது பார்.

ஆனால் ஒன்று. "கௌரி ஊட்ல ஒரு மாதிரி இருக்காங்க" என்று எழுதினாயே. அவர்கள் யாரும் ஒரு மாதிரி இல்லை. நீதான் இருந்தாய். பயமாக இருந்தால் பயமாக இருக்கிறது என்று சொல். அடுத்தவர் வாயில் வைத்துச் சொல்லாதே. என்னிடம் சொன்னாய், நான் உன் அம்மா, கண்டுபிடித்துவிட்டேன். நாளைக்குக் கௌரியிடம் "எங்கம்மா ஒரு மாதிரி இருக்காங்க" என்று சொல்வாய். அவள் நம்பிவிடுவாள். அல்லது நம்பாமல் இருப்பாள், அது இன்னும் மோசம். இந்தக் கடிதத்தில் அறிவுரை என்று ஏதாவது இருந்தால் இது ஒன்றுதான். மற்றதெல்லாம் நீயே பார்த்துக்கொள்வாய். உனக்குக் கை நடுங்காது. அது என்னிடமிருந்து வந்தது.

உன் வரவேற்பு அன்று மாலைதான் அந்தக் காட்சி வருகிறது. மண்டபத்தில் பெரிய டிவி வைக்கலாமா என்று கேட்டார் உன் அப்பா. வைத்தால் உங்களுக்குச் சாப்பாடு கிடையாது என்றேன். ஆனாலும் சரோஜாம்மா விட மாட்டார், மணமகள் அறையில் கைபேசியைச் சாய்த்து வைத்துப் பார்க்கப் போவதாக இப்போதே சொல்லிவிட்டார். சமையல்கட்டிலும் யாராவது பார்ப்பார்கள். மேளத்துக்கும் பேச்சுக்கும் நடுவில் எங்கிருந்தாவது என் குரல் உன் காதில் விழும். நான் மருமகளைக் கூப்பிடுவேன். பிறகு கூப்பிட மாட்டேன். நீ மேடையில் கோட்டு போட்டுக்கொண்டு, கௌரி பக்கத்தில், யாரோ கொடுத்த பூங்கொத்தைப் பிடித்துக்கொண்டு நிற்பாய். பயம் வந்தால் வரட்டும்.

திரும்பிப் பார். முதல் வரிசையில், சிவப்புப் புடவையில் இருப்பேன். தாலி வெளியே இருக்கும். இந்த முறை நீ கேட்க வேண்டாம். நான் சிரித்துக்கொண்டிருப்பேன்.

அம்மா
வேப்பம்பட்டு